மலேயா கணபதி: தஞ்சாவூர் கிராமத்தில் பிறந்த தொழிற்சங்கத் தலைவர் கோலாலம்பூரில் ஏன் தூக்கிலிடப்பட்டார்?

1949 மே 4ஆம் தேதி அதிகாலை. கோலாலம்பூர் புடு சிறையில் எஸ்.ஏ. கணபதி தூக்கிலிடப்பட்டார். மலேயாவின் மிகப் பெரிய தொழிற்சங்கக் கூட்டமைப்புக்குத் தலைவராக இருந்தவர் அவர். யாரையும் சுட்டதாக அவர் மீது வழக்கு இல்லை. ஒரு ரிவால்வரும் ஆறு தோட்டாக்களும் வைத்திருந்தார் என்பதுதான் குற்றச்சாட்டு.

அதே காலகட்டத்தில், அதே சட்டத்தின் கீழ், சாம்பசிவம் என்ற இன்னொரு தமிழருக்கும் மரண தண்டனை கிடைத்தது. ஆனால் அவர் பிழைத்துக்கொண்டார். அவருடைய பெயர் இன்றைக்கும் இந்திய உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளில் வருகிறது.

இந்த இரண்டு பேரைப் பற்றி நம் பாடப் புத்தகத்தில் படித்த ஞாபகம் பெரும்பாலானவர்களுக்கு இருக்காது. அவர்கள் யார், என்ன நடந்தது, 75 ஆண்டுகளுக்குப் பிறகும் இது ஏன் முக்கியம்? கேள்வி கேள்வியாகப் பார்ப்போம்.

யார் இந்த கணபதி?

பட்டுக்கோட்டை வட்டாரத்தில் உள்ள தம்பிக்கோட்டையில் பிறந்தவர். சிறுவயதிலேயே சிங்கப்பூருக்குப் போய்விட்டார். படித்தது, வளர்ந்தது, அரசியலுக்கு வந்தது எல்லாமே அங்கேதான். ஜப்பான் ஆக்கிரமிப்புக் காலத்தில் நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தில் பயிற்சியாளராக இருந்தார். போர் முடிந்ததும் தொழிற்சங்க வேலைக்கு வந்தார். மலேயா கம்யூனிஸ்ட் கட்சியைச் சேர்ந்தவர்.

1946ல் மலேயாவில் ஓர் ஒட்டுமொத்தத் தொழிலாளர் சங்கம் உருவானது. அடுத்த ஆண்டு அது கூட்டமைப்பாக மாறியபோது கணபதி அதன் தலைவரானார். அன்றைக்கு அந்தக் கூட்டமைப்பில் இருந்த உறுப்பினர்கள் இரண்டரை லட்சத்துக்கும் மேல். நாட்டில் இருந்த சங்கங்களில் மிகப் பெரும்பாலானவை அதன் குடையின் கீழ்தான் இருந்தன.

இந்த எண்ணை அன்றைய மக்கள்தொகையோடு வைத்துப் பாருங்கள். 1947 கணக்கெடுப்பில் மலேயாவில் இருந்த இந்தியர்களே சுமார் 5.3 லட்சம் பேர்தான். அப்படியென்றால் கணபதி வெறும் தமிழர் சங்கத் தலைவர் இல்லை. ஈயச் சுரங்கம், துறைமுகம், ரப்பர் தோட்டம் என்று சீனர், தமிழர், மலாய்க்காரர் எல்லோரும் இருந்த அமைப்புக்கு ஒரு தமிழர் தலைவராக இருந்தார். இனவாரியாகத் தொழிலாளர்களைப் பிரித்து, ஒரே வேலைக்கு வேறு வேறு கூலி கொடுத்த ஊரில் இது சாதாரண விஷயம் இல்லை.

தோட்டத் தமிழர்கள் ஏன் அந்தப் பக்கம் போனார்கள்?

கம்யூனிசத் தத்துவத்தைப் படித்துவிட்டு எல்லோரும் போகவில்லை. காரணம் கூலியும் மரியாதையும்.

1941ல் கிள்ளான் பகுதி ரப்பர் தோட்டங்களில் பெரிய வேலைநிறுத்தம் நடந்தது. ஆர்.ஹெச். நாதன் என்ற தமிழ்ப் பத்திரிகையாளர் அதன் முகமாக இருந்தார். தொழிலாளர்கள் என்ன கேட்டார்கள் தெரியுமா? சீனத் தொழிலாளர்களுக்குக் கொடுக்கிற அதே கூலி. அடித்து மிரட்டும் அதிகாரிகளை நீக்க வேண்டும். அப்புறம் ஒன்று: வெள்ளைக்காரத் துரையும் கிராணிமார்களும் எதிரே வந்தால் சைக்கிளை விட்டு இறங்க மாட்டோம். பதிலாக ராணுவம் வந்தது. துப்பாக்கிச் சூட்டில் ஐந்து பேர் இறந்தார்கள். நாதன் இந்தியாவுக்கு நாடு கடத்தப்பட்டார்.

பிறகு ஜப்பான்காரன் வந்தான். சயாம் மரண ரயில் பாதை போட ஆயிரக்கணக்கான தோட்டத் தமிழர்களை அள்ளிக்கொண்டு போனார்கள். பலர் திரும்பவே இல்லை. போர் முடிந்து 1945ல் பிரிட்டிஷ் ஆட்சி திரும்பியபோது தொழிலாளர்கள் பழைய மாதிரி இல்லை. ராணுவச் சீருடை போட்டுப் பயிற்சி எடுத்தவர்கள் அவர்களிடையே இருந்தார்கள். கெடாவில் ஏ.எம். சாமி என்பவர் தொண்டர் படை அமைத்தார். தோட்டத்துக்குள்ளேயே நிர்வாகம் அனுமதித்த கள்ளுக்கடைகளை மூடச் சொல்லி மறியல் நடந்தது. 1947ல் அங்கேயும் போலீஸ் சுட்டது.

இந்த ஆட்கள்தான் கணபதியின் கூட்டமைப்புக்கு வந்தார்கள்.

1948ல் என்ன மாறியது?

இதில் தேதி வரிசை முக்கியம். கவனமாகப் பாருங்கள்.

ஜூன் மாதத்தின் முதல் பாதியில் அரசு தொழிற்சங்கச் சட்டத்தைத் திருத்தியது. ஒரே தொழிலைச் சேர்ந்த சங்கங்கள் மட்டும்தான் கூட்டமைப்பாகச் சேரலாம். அந்தத் தொழிலில் குறைந்தது மூன்று ஆண்டு வேலை பார்த்தவர்தான் நிர்வாகியாக முடியும். இந்த இரண்டு வரிகளே போதும், எல்லாத் தொழிலாளர்களையும் சேர்த்து வைத்திருந்த கணபதியின் கூட்டமைப்புக்குப் பதிவு கிடைக்காமல் போக.

ஜூன் 16 அன்று சுங்கை சிப்புட்டில் மூன்று ஐரோப்பியத் தோட்ட அதிகாரிகள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். இரண்டு நாளில் நாடு முழுவதும் அவசரநிலை. அடுத்த மாதம் மலேயா கம்யூனிஸ்ட் கட்சிக்குத் தடை. கட்சியின் தலைவர் சின் பெங்குக்கு, ஜப்பானை எதிர்த்துப் போரிட்டதற்காக பிரிட்டன் விருது அறிவித்திருந்தது. அதே ஆள் இப்போது தேடப்படும் குற்றவாளி.

ஆக, வரிசை இதுதான்: முதலில் சங்கம் சட்டவிரோதமானது, பிறகு அவசரநிலை வந்தது. கட்சி ஆயுதம் ஏந்தியது உண்மை. அந்தப் போரில் இரு தரப்பிலும் பொதுமக்களிலும் ஆயிரக்கணக்கானவர்கள் இறந்தார்கள். ஆனால் வேலைநிறுத்தம், மனு, பேச்சுவார்த்தை என்ற வழிகள் அதற்கு முன்பே அடைக்கப்பட்டிருந்தன.

வழக்கு எப்படி நடந்தது?

1949 மார்ச் தொடக்கத்தில், ராவாங் அருகே ஒரு ரப்பர் தோட்டத்தில் கணபதி பிடிபட்டார். துப்பாக்கியை வழியில் கண்டெடுத்ததாகவும், போலீசிடம் ஒப்படைக்கப் போய்க்கொண்டிருந்ததாகவும் அவர் சொன்னார். நீதிமன்றம் ஏற்கவில்லை. அவசரநிலை விதிகளின்படி, அனுமதியில்லாமல் துப்பாக்கி வைத்திருந்தால் மரண தண்டனை கட்டாயம். குற்றம் நிரூபணமானால் ‘இவர் சுட்டாரா, யாருக்காவது காயம் பட்டதா’ என்று பார்த்துத் தண்டனையைக் குறைக்க நீதிபதிக்கு இடமே இல்லை.

மேல்முறையீடு தோற்றது. நேரு அரசு தண்டனையைக் குறைக்கச் சொல்லிக் கேட்டது. லண்டனில் இந்திய ஹைகமிஷனராக இருந்த வி.கே. கிருஷ்ண மேனன் பிரிட்டிஷ் அரசிடம் பேசினார். ‘கருணை காட்டுவது சிலாங்கூர் சுல்தானின் அதிகாரம்’ என்பது அங்கிருந்து வந்த பதில். கைதிலிருந்து தூக்குவரை மொத்தம் இரண்டு மாதம் சொச்சம்தான்.

இதில் இன்னொரு தேதியும் இருக்கிறது. குடியரசான பிறகும் காமன்வெல்த்தில் இந்தியா தொடரும் என்ற லண்டன் பிரகடனம் அந்த ஏப்ரல் இறுதியில்தான் வெளியானது. அதற்காக நேரு லண்டன் போயிருந்தார். சில நாட்களிலேயே கணபதி தூக்கில் போடப்பட்டார். அதற்கு முந்தைய நாள், மே 3 அன்று, அவருடைய சகாவான பி. வீரசேனன் பாதுகாப்புப் படையால் சுட்டுக் கொல்லப்பட்டார். தமிழ்நாட்டில் கோபம் கிளம்பியது. ‘கயிற்றில் தொங்கிய கணபதி’ என்ற பெயரில் மு. கருணாநிதி ஒரு நூலே எழுதினார்.

அன்றைய இந்தியாவின் மறுபக்கத்தையும் சொல்லியாக வேண்டும். வெளிநாட்டில் ஒரு கம்யூனிஸ்டுக்காகக் குரல் கொடுத்த அதே நேரத்தில், உள்நாட்டில் கம்யூனிஸ்டுகள் வேட்டையாடப்பட்டார்கள். 1950 பிப்ரவரியில் சேலம் சிறையில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் 22 கைதிகள் இறந்தார்கள். அதே ஆண்டு மே மாதம், கணபதியைப் போலவே தஞ்சை மண்ணிலிருந்து கடல் கடந்து போய்த் திரும்பியிருந்த வாட்டாக்குடி இரணியனை நம் போலீசே சுட்டுக் கொன்றது.

இது மலேயாவில் மட்டும் நடந்ததா?

இல்லை. மலாக்கா நீரிணையின் மறுகரையில் சுமத்ரா. அங்கே மேடான் நகரில் 1907ல் பிறந்தவர் அமீர் ஷரிஃபுதீன், படாக் இனத்தவர். ஜப்பானியர் அவருக்கு மரண தண்டனை விதித்தார்கள். சுகர்ணோ, ஹத்தா தலையிட்டதால் பிழைத்தார். 1947 ஜூலையில் இந்தோனேசியாவின் பிரதமரானார். டச்சுக்காரர்களோடு செய்த ரென்வில் ஒப்பந்தத்துக்கு எதிர்ப்பு கிளம்பி, 1948 ஜனவரியில் பதவி விலகினார். அந்த ஆண்டே கம்யூனிஸ்டாகத் தன்னை அறிவித்துக்கொண்டார். செப்டம்பரில் மடியுன் எழுச்சி தோற்றது. டிசம்பர் 19ஆம் தேதி விசாரணையே இல்லாமல் சுட்டுக் கொல்லப்பட்டார்.

அமீரைக் கொன்றது அவரே உருவாக்க உதவிய குடியரசு. கணபதியைக் கொன்றது காலனி அரசு; அதுவும் விசாரணை நடத்தி, மேல்முறையீடு கேட்டு, முறைப்படி கோப்பு போட்டு. சட்டப்படி நடந்துவிட்டால் மட்டும் அது நியாயம் ஆகிவிடுமா? அதற்குத்தான் சாம்பசிவம் வழக்கைப் பார்க்க வேண்டும்.

சாம்பசிவம் எப்படிப் பிழைத்தார்?

1948 செப்டம்பரில் ஜோகூரில் பிடிபட்டவர். அவர் மீது இரண்டு குற்றச்சாட்டுகள்: துப்பாக்கி எடுத்துச் சென்றது, பத்துத் தோட்டாக்கள் வைத்திருந்தது. முதல் விசாரணையில் தோட்டா குற்றச்சாட்டிலிருந்து விடுதலை. துப்பாக்கி குற்றச்சாட்டுக்கு மட்டும் மறுவிசாரணை.

மறுவிசாரணையில் அரசுத் தரப்பு ஒரு வாக்குமூலத்தைக் காட்டியது. துப்பாக்கி, தோட்டா இரண்டும் தன்னிடம் இருந்ததாக அவர் சொன்னதாக அதில் இருந்தது. அதை நம்பி மரண தண்டனை விதித்தார்கள். தோட்டா விஷயத்தில் அவர் ஏற்கெனவே விடுதலையானவர் என்பது இரண்டாவது விசாரணையில் மதிப்பீட்டாளர்களாக உட்கார்ந்திருந்தவர்களுக்குச் சொல்லப்படவே இல்லை.

1950ல் வழக்கு லண்டன் பிரிவி கவுன்சிலுக்குப் போனது. லார்ட் மெக்டெர்மட் எழுதிய தீர்ப்பின் சாரம் இதுதான்: ஒரு குற்றச்சாட்டில் விடுதலை என்றால் அது முடிந்த விஷயம். அதே குற்றத்தை அவர் செய்தார் என்று இன்னொரு வழக்கில் பின்வாசல் வழியாகக் கொண்டுவர முடியாது. தண்டனை ரத்தானது. சாம்பசிவம் தூக்கிலிருந்து தப்பினார்.

கணபதி வழக்கு இரண்டு மாதத்தில் முடிந்துபோனது. சாம்பசிவத்துக்கோ கைதிலிருந்து இறுதித் தீர்ப்புவரை ஒன்றரை ஆண்டு கிடைத்தது. விசாரணையில் இருந்த ஓட்டை வெளியே தெரிவதற்கு அந்த அவகாசம் தேவைப்பட்டது.

இது இன்றைக்கு நமக்கு ஏன் தேவை?

முதலாவது, சட்டம். 1950களில் பிரீதம் சிங் வழக்கிலும், 1964ல் மணிப்பூர் நிர்வாகத்துக்கும் தோக்சோம் பீரா சிங்குக்கும் இடையிலான வழக்கிலும் இந்திய உச்ச நீதிமன்றம் சாம்பசிவம் தீர்ப்பைப் பின்பற்றியது. ஒரு வழக்கில் நீங்கள் விடுதலையான பிறகு, அதே விஷயத்தை இன்னொரு வழக்கில் உங்களுக்கு எதிரான சாட்சியமாகக் கொண்டுவர முடியாது என்று வாதாட இன்றைய வழக்கறிஞருக்குக் கைகொடுப்பது, ஜோகூரில் சாகவிருந்த ஒரு தமிழரின் வழக்கு.

இரண்டாவது, கட்டாய மரண தண்டனை. நீதிபதிக்கு வேறு வழியே தராத சட்டம் அரசியல் சாசனத்துக்கு எதிரானது என்று 1983ல் மித்து வழக்கில் நம் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆயுதச் சட்டத்தில் மிச்சமிருந்த அப்படிப்பட்ட பிரிவு 2012ல்தான் ரத்தானது. மலேசியா கட்டாய மரண தண்டனையைக் கைவிட்டது 2023ல். கணபதி இறந்து 74 ஆண்டுகள் கழித்து.

மூன்றாவது, உரிமை. பல தொழில்களைச் சேர்ந்தவர்கள் ஒரே குடையின் கீழ் வரக் கூடாது, வெளியாள் நிர்வாகியாகக் கூடாது என்ற 1948 வாதங்கள் பழைய கதை இல்லை. ஐடி கம்பெனியிலோ டெலிவரி ஆப்பிலோ சங்கம் அமைக்கிற பேச்சு வந்தால் இன்றும் அதே வாதங்கள் கிளம்பும். அவற்றைக் கேட்கும்போது, அவை முன்பு எங்கே, யாருக்கு எதிராகப் பயன்பட்டன என்பது உங்களுக்குத் தெரிந்திருப்பது நல்லது.

புடு சிறை இப்போது இல்லை. 2010ல் இடிக்கத் தொடங்கினார்கள். அந்த இடத்தில் இன்று ஷாப்பிங் மாலும் அடுக்குமாடிகளும் நிற்கின்றன. சிறையின் பழைய நுழைவாயிலை மட்டும் விட்டுவைத்திருக்கிறார்கள். கோலாலம்பூர் போகிறவர்கள் புக்கிட் பிந்தாங் பக்கம் போனால் அதைப் பார்க்கலாம்.