பந்து வீச்சாளர் பாலு

கிரிக்கெட் ஆட்டத்தில் பந்து வீசுவோர் இரு வகையினர் என்பதை நீங்கள் அறிவீர்கள். வேகத்தை நம்பி வீசுவோர் ஒரு சாரார். விரல்களின் முறுக்கை நம்பி வீசுவோர் மற்றொரு சாரார். இரண்டாம் வகையைச் சேர்ந்த ஒருவரைப் பற்றியே இன்று பேச விரும்புகிறேன். இந்தியாவின் பெயரால் கடல் கடந்து சென்று ஆடிய முதல் அணியில் அவரே தலைசிறந்த வீச்சாளர். பெயர் பல்வங்கர் பாலு.

பாலு 1870-களில் தார்வாடில் பிறந்தார். தோல்வினையைக் குலத்தொழிலாக உடைய, அன்று தீண்டத்தகாதது என ஒதுக்கப்பட்டிருந்த சமூகம் அவருடையது. தந்தையார் படைத்துறையைச் சார்ந்து பிழைத்தவர். குடும்பம் பூனா நகரில் வாழ்ந்தபோது, படைவீரர்கள் கைவிட்ட மட்டைகளையும் பந்துகளையும் கொண்டே பாலுவும் தம்பியரும் ஆட்டத்தைக் கற்றனர்.

அவருக்கு முதலில் கிடைத்த வேலை பார்சிகளின் கிரிக்கெட் சங்கத்தில் தரையைப் பெருக்கி உருளை இழுப்பது. சம்பளம் மாதம் 3 ரூபாய். பின்னர் 1892 அளவில் ஐரோப்பியரின் பூனா சங்கத்தில் 4 ரூபாய்க்கு அமர்ந்தார். அங்கே வலைகட்டுவது, ஆடுகளத்தைச் செப்பனிடுவது ஆகிய வேலைகளோடு, ஆங்கில அதிகாரிகள் பயிற்சி பெறுவதற்காகப் பந்து வீசும் வேலையும் வந்து சேர்ந்தது. இங்கிலாந்தில் ஹாம்ப்ஷயர் அணிக்காக ஆடிய கிரெய்க் என்னும் படை அதிகாரி மற்றவர்களுக்கு ஒரு மணி நேரம் முன்பே வந்து பாலுவின் பந்துகளை எதிர்கொள்வாராம். தம்மை ஆட்டமிழக்கச் செய்த ஒவ்வொரு முறையும் எட்டணா கொடுப்பாராம். எட்டணாக் கதை எவ்வாறாயினும், ஒன்று உறுதி. நாள்தோறும் மணிக்கணக்கில் வீசிய அந்த இளைஞரிடம் ஒரு நாளேனும் மட்டையைக் கொடுத்து ஆடச் சொன்னவர் அங்கு எவருமில்லை.

இடக்கையால் மெதுவாக வீசுவோரின் பந்து, வலக்கை ஆட்டக்காரருக்கு அருகே விழுந்து, அவரிடமிருந்து வெளியே விலகிப் போகும். எட்டிப்பிடிக்கச் சொல்லி ஆசை காட்டும், எட்டினால் ஏமாற்றும். பாலுவுக்கு அளவு தவறுவதில்லை. ஒரே இடத்தில் பந்து பந்தாக விழும். ஆனால் ஒன்று திரும்பும், அடுத்தது திரும்பாது. காற்றில் அதன் நடையும் மாறிக்கொண்டே இருக்கும். பணம் கொடுத்துப் பயிற்சி பெற்ற எந்தச் சீமானுக்கும் வாய்க்காத அத்தனை பயிற்சி, பணியாள் என்ற காரணத்தாலேயே அவருக்கு வாய்த்தது.

பூனா இந்துக்கள் ஐரோப்பியரை எதிர்த்து ஆட விரும்பியபோதுதான் சிக்கல் எழுந்தது. வெல்ல வேண்டுமெனில் பாலு வேண்டும். பாலுவைச் சேர்த்தால் ஆசாரம் என்னாவது? நீண்ட வாதத்திற்குப் பின் ஒரு விசித்திரமான தீர்வு கண்டார்கள். களத்தில் அவர் தொட்ட பந்தை எல்லாரும் தொடலாம். தேநீர் வேளையில் மட்டும் அவர் கட்டடத்திற்கு வெளியே நிற்க வேண்டும். மற்றவர்க்குப் பீங்கான் கோப்பை, அவருக்கு மட்டும் குடித்தபின் எறிந்துவிடும் மண்குவளை. உணவும் தனி இடத்தில்.

நான் ஆசிரியப் பயிற்சி பெற்ற நாட்களில், விளையாட்டு மைதானத்தில் சாதி நுழையாது என்று எங்களுக்குக் கற்பித்தார்கள். பின்னர் நான் பணியாற்றிய ஓர் ஊரில், ஒரே பந்தைத் தொட்டு ஆடிய பிள்ளைகள் தண்ணீர்ப் பானையருகே வந்ததும் இரு வரிசையாகப் பிரிந்ததைக் கண்டேன். அதைக் கவனிக்கவே எனக்கு ஓராண்டு பிடித்தது என்பதைச் சொல்ல வெட்கப்படுகிறேன். ஆகவே பூனாக்காரர்களை ஏளனம் செய்ய எனக்கு மனம் வரவில்லை.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில், பிளேக் நோய் அம்மாகாணத்தை வாட்டிய காலத்தை ஒட்டி, பாலுவின் குடும்பம் பம்பாய்க்குக் குடிபெயர்ந்தது. அங்கு ரயில்வேயில் அவருக்கு வேலை கிடைத்தது. இந்து ஜிம்கானாவில் உறுப்பினர் சிலர் எதிர்த்தும், அவர் அணியில் சேர்க்கப்பட்டார்.

1906 பிப்ரவரியில் இந்துக்கள் பம்பாயில் ஐரோப்பியரை 109 ஓட்டங்களில் வென்றனர். ஆள்வோரை ஆளப்படுவோர் வென்ற அந்த வெற்றியில் பாலுவின் வீச்சுக்குப் பெரும்பங்கு உண்டு. தம்பி சிவராமும் உடன் ஆடினார். சமூகச் சீர்திருத்தத்திற்கென நடந்த இதழொன்று, இச்சகோதரர்களை அணியில் ஏற்றுக்கொண்டதும் அவர்களோடு உடனிருந்து உண்டதும் இந்து இளைஞர்களின் மனத்தை விரிவாக்கியதுபோல் வேறெந்த முயற்சியும் செய்யவில்லை என்ற கருத்தில் எழுதியது. பூனாவின் மண்குவளையிலிருந்து பம்பாயின் பந்திவரை வந்தது உண்மையான முன்னேற்றமே. ஆயினும் முதலில் தேவைப்பட்டது அவருடைய கை. அவர் பின்னரே தேவைப்பட்டார்.

1911-இல் பாட்டியாலா மகாராஜாவின் தலைமையில் அகில இந்திய அணி இங்கிலாந்து சென்றது. மகாராஜா சில ஆட்டங்களோடு நிறுத்திக்கொண்டார். அணி முதல்தர ஆட்டங்களில் பத்தில் தோற்று இரண்டில் மட்டுமே வென்றது. லெஸ்டர்ஷயரை வென்றதும் சாமர்செட்டை வென்றதுமே அந்த இரண்டு. இத்தகைய தோல்விச் சுற்றுப்பயணத்தில், முப்பத்தைந்து வயதை எட்டிய பாலு மொத்தம் 114 விக்கெட்டுகளைச் சாய்த்தார். விக்கெட் ஒன்றுக்கு அவர் கொடுத்தது 19 ஓட்டங்களுக்கும் குறைவே. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்திற்கு எதிராக ஒரே இன்னிங்ஸில் எட்டுப் பேரை வீழ்த்தினார். லெஸ்டர்ஷயர் ஆட்டத்தில் மட்டும் பதினொரு பேர். பழக்கமற்ற குளிரிலும் ஈர மண்ணிலும் இவ்வளவு சாதித்தவரை இங்கிலாந்தின் ஆட்ட வல்லுநர்கள் வியந்தனர்.

திரும்பி வந்தவரை ஒடுக்கப்பட்ட மக்கள் பெருமிதத்தோடு வரவேற்றனர். இளைஞர் அம்பேத்கர் அவரைப் போற்றியவர்களுள் ஒருவர்.

ஆனால் இந்துக்கள் அணியின் தலைமை? ஆண்டுதோறும் அது வேறொருவருக்கே போயிற்று. 1913-இல் தலைவராக அறிவிக்கப்பட்ட எம். டி. பை என்பவரே, அனுபவத்தில் மூத்த பாலுவுக்கே இச்சிறப்பு உரியது என்று வெளிப்படையாகச் சொன்னார். சொன்னவர் நேர்மையாளர், கேட்டவர்கள் அசையவில்லை. 1920-இல் பாலு அணியிலிருந்தே விலக்கப்பட்டார். தம்பியர் விட்டலும் சிவராமும் ஆட மறுத்து வெளியேறினர். ஊரில் பேச்சு எழுந்தது. இறுதி ஆட்டத்திற்கு முன் சமாதானம் ஏற்பட்டு, பாலு துணைத்தலைவரானார். ஆட்டத்தின் நடுவே பை களத்தைவிட்டு அகன்றிருந்த சிறிது பொழுது, பாலு அணியை நடத்தினார். அவருக்குக் கிடைத்த தலைமை அவ்வளவே. மூன்றாண்டுகள் கழித்து, 1923-இல், விட்டல் முறைப்படி தலைவரானார். இந்துக்கள் ஐரோப்பியரை வென்று கோப்பையைக் கைப்பற்றினர்.

முதல்தர ஆட்டங்கள் 33-இல் 179 விக்கெட்டுகள், சராசரி 15.21. பாலுவின் கணக்கு இதோடு முடிகிறது. இந்தியா முதல் டெஸ்ட் ஆட்டத்தை ஆடியது 1932-இல்தான்; அதற்குள் அவர் ஐம்பதைக் கடந்திருந்தார்.

அதே 1932-இல் வேறொரு களம் அவரை அழைத்தது. ஒடுக்கப்பட்டோருக்குத் தனித்தொகுதியா, கூட்டுத்தொகுதியா என்ற வழக்கில், தனித்தொகுதி கோரியவர் அம்பேத்கர். பாலுவோ சென்னையைச் சேர்ந்த எம். சி. ராஜாவோடு கூட்டுத்தொகுதியின் பக்கம் நின்றார். தலைமை மறுத்தவர்களோடு சேர்ந்தே வாழலாம் என்று அவர் எதனால் நம்பினார்? பந்தியில் இடம் கிடைத்ததையும் தம்பி தலைவரானதையும் கண்ணால் கண்டவர் அவர் என்பதே என் எண்ணம். அம்பேத்கரோ அதே வரலாற்றில் மறுக்கப்பட்ட ஆண்டுகளை எண்ணியிருக்கலாம். இருவரில் எவர் கணக்கு சரி என்று நான் தீர்ப்புச் சொல்லப்போவதில்லை. நீங்களே படித்துப் பாருங்கள். செப்டம்பர் 24-ஆம் நாள் எரவாடாச் சிறையில் உருவான உடன்படிக்கையில் அம்பேத்கர், எம். சி. ராஜா, இரட்டைமலை சீனிவாசன் ஆகியோரோடு பாலுவும் கையொப்பமிட்டார். அச்சிறை பூனாவிலேதான் இருக்கிறது.

1937 தேர்தலில் காங்கிரஸ் பாலுவைப் பம்பாயில் அம்பேத்கருக்கு எதிராக நிறுத்தியது. அம்பேத்கர் 13,245 வாக்குகளும் பாலு 11,225 வாக்குகளும் பெற்றனர். பாலு 1955 ஜூலையில் பம்பாயில் காலமானார்.