அம்மாவின் இட்லிக் குண்டானும் ஒரு இண்டாலியம் சட்டியும்

போன தீபாவளிக்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமை. புனேயில் எங்கள் வீட்டில் சுத்தம் செய்யும் படலம். பரணிலிருந்து அம்மாவின் அலுமினிய இட்லிக் குண்டான் இறங்கியது. கூடவே அடுப்படியிலிருந்து கைப்பிடி உடைந்த இண்டாலியம் சட்டியும் வந்தது. பத்து வருஷமாக எங்கள் வீட்டுப் பொரியல், வறுவல் எல்லாம் அந்தச் சட்டியில்தான்.

"ரெண்டையும் பங்கார்வாலாவுக்குப் போட்டுடலாங்க, இடத்தை அடைக்குது" என்றார் தங்கமணி. (இங்கே பழைய சாமான் வாங்குபவருக்கு அதுதான் பெயர். சென்னைக்காரர்களுக்குக் காயலான் கடை என்றால் புரியும்.)

சேலத்துக்குப் போன் போட்டால் அம்மா அலறினார். "ஏன் கண்ணு, குண்டானைப் போட்டுராத. அது எங்கம்மா எடுத்துக் குடுத்தது. சட்டியை வேணா போடு. ஆனா நிறுத்து வாங்கு, சும்மா தூக்கிக் குடுத்துராத."

நான் வேலை செய்வது சாகனில், பைக் இன்ஜின் பாகங்கள் வார்க்கும் ஒரு தொழிற்சாலையில். தினமும் டன் கணக்கில் அலுமினியத்தோடு புழங்குகிறவன். அந்தத் தைரியத்தில் இந்த உலோகத்தின் கதையைக் கொஞ்சம் எழுதிவிடுகிறேன். சட்டி என்ன ஆயிற்று என்பதைக் கடைசியில் சொல்கிறேன். அது சிரிப்பாக முடியவில்லை.

இன்றைக்கு இட்லித் தட்டிலும் மருந்துப் பட்டையிலும் இருக்கும் இந்த உலோகம் ஒரு காலத்தில் வெள்ளிக்குச் சமமாக மதிக்கப்பட்டது. 1825-ல் டென்மார்க்கின் ஓர்ஸ்டெட் முதன்முதலாக அதைப் பிரித்தெடுத்தார். 1854-ல் பிரான்சின் டெவில் கொஞ்சம் பெரிய அளவில் செய்ய வழி கண்டார். அப்போதும் விலை எட்டாத உயரத்தில்தான். மூன்றாம் நெப்போலியன் முக்கிய விருந்தாளிகளுக்கு அலுமினியத் தட்டிலும் மற்றவர்களுக்குத் தங்கத் தட்டிலும் பரிமாறினார் என்று ஒரு கதை சொல்வார்கள். 1884-ல் அமெரிக்காவில் வாஷிங்டன் நினைவுத் தூணின் உச்சிக்குக் கிரீடமாக வைத்தது சுமார் 2.8 கிலோ எடையுள்ள அலுமினியக் கூம்பு.

இரண்டே வருஷத்தில் கதை மாறியது. 1886-ல் அமெரிக்காவில் சார்லஸ் மார்ட்டின் ஹாலும் பிரான்சில் பால் எரூவும் ஒருவரை ஒருவர் அறியாமல் ஒரே வழியைக் கண்டுபிடித்தார்கள். இருவரும் பிறந்தது 1863, இறந்தது 1914. பாக்சைட் மண்ணைச் சுத்தம் செய்தால் கிடைக்கும் அலுமினா என்ற வெள்ளைப் பொடியை, கிரையோலைட் என்ற உப்பின் குழம்பில் சுமார் 950 டிகிரி வெப்பத்தில் கரைத்து, மின்சாரத்தைப் பாய்ச்சினால் அடியில் அலுமினியம் தங்குகிறது. இன்று வரை உலகம் முழுக்க அதே வழிதான். விலை மளமளவென்று சரிந்தது.

நம் ஊருக்கு அது வந்த கதைதான் எனக்குப் பிடித்தது. 1898-ல் மதராஸ் ஓவியப் பள்ளியில் (இன்றைய எழும்பூர் கவின்கலைக் கல்லூரி) ஆல்ஃபிரட் சாட்டர்டன் என்ற பொறியியல் பேராசிரியர் அலுமினியப் பாத்திரம் செய்யும் பரிசோதனையைத் தொடங்கினார். தகடு கப்பலில் வந்தது. அதைத் தட்டிப் பாத்திரமாக்கியவர்கள் நம் ஊர்க் கைவினைஞர்கள். பித்தளை, செம்புப் பாத்திரங்களுக்கு அடிக்கடி ஈயம் பூச வேண்டும், இதற்கு வேண்டாம். எடையும் குறைவு. வியாபாரம் பிடித்துக்கொண்டது. 1903-ல் அந்தப் பிரிவு இந்தியன் அலுமினியம் கம்பெனி என்ற தனியார் நிறுவனத்துக்குக் கைமாறியது. நம் நாட்டு அடுப்படிகளுக்கு அலுமினியம் வந்த வழியில் எழும்பூரும் ஒரு முக்கியமான நிறுத்தம்.

உலோகத்தையே இங்கு எடுக்க இன்னும் நாற்பது வருஷம் ஆனது. 1943-ல் கேரளத்தின் ஆலுவா அருகே அலுபுரத்தில் முதல் உருக்காலை ஓடத் தொடங்கியது. பாக்சைட் இல்லாத இடத்தில் ஏன்? பள்ளிவாசல் நீர்மின்சாரம் பக்கத்தில் இருந்தது. எங்கே மலிவாக மின்சாரமோ அங்கே அலுமினியம். எங்கள் தொழிலில் இதைக் கெட்டியாக்கிய மின்சாரம் என்றே சொல்வார்கள்.

இங்கே கொஞ்சம் கொசுவர்த்தி சுற்றிக் கொள்கிறேன். சேலத்தில் வளர்ந்த எங்களுக்கு ஏற்காட்டுச் செம்மண் வெறும் மண்ணில்லை. அந்த மலையின் பாக்சைட் மேட்டூருக்குப் போகும். 1965-ல் அங்கே மால்கோ ஆலை உற்பத்தியைத் தொடங்கியது. பின்னால் கொல்லிமலையிலிருந்தும் பாக்சைட் போனது. சொந்தக்காரர்களில் யாராவது ஒருவருக்காவது மால்கோவில் வேலை இருக்கும். 2008-ல் உலகச் சந்தை சரிந்த நேரத்தில் மேட்டூர் உருக்காலை நின்றது. மின்சாரச் செலவோடு மல்லுக்கட்டுவது இந்தத் தொழிலின் தலையெழுத்து.

எவ்வளவு மின்சாரம் என்று கேட்பீர்கள். ஒரு கிலோ அலுமினியத்தை உருக்காலையில் பிரித்தெடுக்க மட்டும் 13 முதல் 15 யூனிட். நம் வீட்டு ஃபிரிட்ஜ் ஒரு நாளைக்கு ஒரு யூனிட் எடுக்கிறது என்று வைத்தால் இரண்டு வாரத்துக்கு ஓட்டலாம். இந்தியாவில் இந்த மின்சாரம் பெரும்பாலும் நிலக்கரியில் வருகிறது. யூனிட்டுக்குச் சுமார் ஒரு கிலோ கரியமில வாயு. ஆக ஒரு கிலோ உலோகத்துக்கு மின்சாரக் கணக்கில் மட்டும் பதினான்கு கிலோ அளவு புகை. அது போக, மின்முனையாக இருக்கும் கரியும் கிட்டத்தட்ட அரைக் கிலோ எரிந்து போகிறது.

அதே ஒரு கிலோ பழைய சட்டியை உருக்க? அலுமினியம் 660 டிகிரியில் உருகிவிடும். மண்ணிலிருந்து புதிதாக எடுக்கும் சக்தியில் இருபதில் ஒரு பங்கு போதும். ஆக்சிஜனிடமிருந்து உலோகத்தைப் பிரிக்கும் அந்தப் பெரிய சண்டையை ஒரு தடவை போட்டாயிற்று, மறுபடி போட வேண்டியதில்லை. அவ்வளவுதான் இதன் ரகசியம். எத்தனை முறை உருக்கினாலும் உலோகத்தின் குணம் கெடுவதில்லை. இதுவரை உலகம் எடுத்த அலுமினியத்தில் முக்கால்வாசி இன்னும் எங்கோ புழக்கத்தில் இருக்கிறது என்று தொழில்துறைக் கணக்கு சொல்கிறது.

மலைகளின் கணக்கு தனி. ஒரு கிலோ அலுமினியத்துக்கு நாலைந்து கிலோ பாக்சைட் வெட்ட வேண்டும். அதைச் சுத்தம் செய்யும்போது காரம் கலந்த சிவப்புச் சேறு மிஞ்சும். 2010 அக்டோபரில் ஹங்கேரியின் அய்க்கா ஊரருகே அப்படி ஒரு சேற்றுக் குளத்தின் கரை உடைந்து பத்துப் பேர் இறந்தார்கள். நம் நாட்டில் பாக்சைட் மலைகளின் தாய்வீடு ஒடிசா. நியம்கிரி மலையில் சுரங்கம் வரலாமா என்பதைக் கிராம சபைகளே சொல்லட்டும் என்று 2013 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்த மலையைத் தெய்வமாகக் கும்பிடும் டோங்கிரியா கோந்த் மக்களும் அக்கம்பக்கத்தவர்களும் வாழும் பன்னிரண்டு ஊர்களில் சபை கூடியது. பன்னிரண்டும் வேண்டாம் என்றன. பழைய சாமானை உருக்குவதால் மட்டும் எல்லா மலையும் தப்பிவிடும் என்று நான் சொல்லவில்லை. நம் தேவை கூடிக்கொண்டே போகிறது. ஆனால் எடைக்குப் போட்ட ஒவ்வொரு கிலோவும் நாலைந்து கிலோ மண்ணை மலையிலேயே விட்டு வைக்கிறது.

இதையெல்லாம் நமக்கு யாரும் வகுப்பு எடுக்கவில்லை. ஓட்டைப் பாத்திரத்தைக் கடையில் கொடுத்து, கழிவு போக எடைக்கு எடை புதுசு வாங்கி வந்த அம்மாக்களுக்கு இந்தப் பொருளாதாரம் தெரியும். அவர்கள் அலுமினியத்தைக் குப்பையில் போட்டதில்லை. காரணம் பூமியின் மேல் பாசம் அல்ல, அதற்குக் காசு உண்டு. கண்ணாடி பாட்டிலையும் பால் கவரையும் விட அலுமினியம் நன்றாகத் திரும்பி வருவதற்கும் அதே காசுதான் காரணம்.

அந்தக் காசில்தான் பெரிய ஒரு கூட்டம் சாப்பிடுகிறது. புனேயில் 1993-ல் குப்பை பொறுக்குபவர்கள் சங்கம் அமைத்தார்கள். பெரும்பாலும் பெண்கள். 2008-ல் அவர்களின் ஸ்வச் கூட்டுறவு அமைப்பு மாநகராட்சியோடு ஒப்பந்தம் போட்டு வீடு வீடாகக் குப்பை வாங்கத் தொடங்கியது. அவர்கள் பிரித்து விற்கும் பண்டங்களில் கிலோவுக்கு நல்ல விலை பெறுவது உலோகம். மும்பைத் தாராவியில், நம் திருநெல்வேலிக்காரர்கள் தலைமுறைகளாக வாழும் அதே தாராவியில், சின்னச் சின்னப் பட்டறைகள் பழைய அலுமினியத்தைக் கட்டிகளாக வார்த்து வந்திருக்கின்றன. அடுப்புப் புகையில் முகமூடிகூட இல்லாமல் செய்த வேலை அது. மறுசுழற்சி என்று நாம் அழகாகச் சொல்வதன் விலையில் பாதியை அவர்களின் நுரையீரல் கொடுத்திருக்கிறது.

இங்குள்ள பழசு போதாமல் ஆண்டுக்குப் பல லட்சம் டன் அலுமினியக் கழிவை இந்தியா வெளிநாடுகளிலிருந்தும் வாங்குகிறது. அது உருகி, சிலிக்கானும் செம்பும் சேர்ந்து, எங்களைப் போன்ற ஆலைகளுக்கு வரும். உங்கள் பைக்கின் இன்ஜின் மூடி ஒரு காலத்தில் யாரோ ஒருவரின் ஜன்னல் சட்டமாக இருந்திருக்கலாம்.

இப்போது சட்டிக்கு வருகிறேன்.

அதற்கு முன்னால் 1940. ஜெர்மனியோடு போர். பிரிட்டனின் விமான உற்பத்தி அமைச்சர் பீவர்புரூக் பிரபு, ஜூலையில் அந்நாட்டுப் பெண்களிடம் ஒரு வேண்டுகோள் வைத்தார். உங்கள் அலுமினியப் பாத்திரங்களைக் கொடுங்கள், போர் விமானங்களாக்குகிறோம் என்று. தெருத் தெருவாகச் சட்டி பானை குவிந்தது. மக்களின் மனம் உண்மை. ஆனால் விமானத்துக்கு வேண்டிய கலவை வேறு, சமையல் பாத்திரத்தின் கலவை வேறு. கொடுத்த பாத்திரங்களில் எவ்வளவு நிஜமாகவே பறந்தது என்பது இன்று வரை சந்தேகம்தான். பிரிக்காமல் குவித்தால் உலோகம் தரம் இறங்கும் என்பதற்கு அதைவிடப் பெரிய பாடம் இல்லை.

எங்கள் ஆலையில் உலோகத்தின் மேல் பொறி பறக்க வைத்துக் கலவை சொல்லும் கருவி இருக்கிறது. ஒரு நிமிஷத்துக்குள் எந்த உலோகம் எத்தனை சதவீதம் என்று வரிசையாகத் திரையில் வரும். 2025-ல் அமெரிக்காவின் உணவு மருந்து நிர்வாகம், அங்கே இறக்குமதியான சில அலுமினிய, பித்தளை, இண்டாலியம் பாத்திரங்களிலிருந்து காரீயம் உணவில் இறங்கக்கூடும் என்று எச்சரித்திருந்தது. அதைப் படித்த ஞாபகம் உறுத்த, சட்டியின் அடியை அறுத்துக் கருவியில் வைத்தேன். காரீயம் என்ற வரியில் சமையல் பாத்திரத்துக்கு இருக்கவே கூடாத ஒரு எண்.

(ரசம் வைக்கும் ஈயச் சொம்பு வெள்ளீயம், அது வேறு. இது காரீயம், விஷம். குழந்தைகளின் மூளை வளர்ச்சியைப் பாதிப்பது.)

என் மகளுக்குப் பதினொரு வயது. அவளுக்குப் பிடித்த உருளைக்கிழங்கு வறுவல் அந்தச் சட்டியில்தான். அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. மறுநாளே ரத்தப் பரிசோதனை செய்தோம். கவலைப்பட ஒன்றுமில்லை என்றார் டாக்டர். அதன் பிறகுதான் தங்கமணி என்னிடம் பேசினார். பத்து வருஷம் முன்னால் ஒரு திருவிழாக் கடையில், கனமாக இருக்கிறது, மலிவாக இருக்கிறது என்று பேரம் பேசி வாங்கி வந்தவன் நான்தானே.

நடந்தது என்ன என்று ஊகிப்பது கஷ்டமில்லை. ஏதோ ஒரு பட்டறையில் பழைய பாத்திரத்தோடு மோட்டார் பாகமும் பற்றவைத்த துண்டுகளும் ஒரே உலையில் போயிருக்கும். பைக்குக்குப் போக வேண்டிய உலோகம் அடுப்புக்கு வந்துவிட்டது. உருக்கியது குற்றமில்லை. பிரிக்காமல் உருக்கியதுதான் குற்றம். சமையல் பாத்திரங்களுக்கு ஐ.எஸ்.ஐ. முத்திரையைக் கட்டாயமாக்கி மத்திய அரசு 2024-ல் ஆணை வெளியிட்டதில் எவ்வளவு அர்த்தம் இருக்கிறது என்று அன்று புரிந்தது.

அம்மாவின் குண்டானையும் விளிம்பில் ஒரு சின்ன இடத்தில் சோதித்தேன். கிட்டத்தட்ட சுத்தமான அலுமினியத் தகடு. காரீயம் இல்லை. அது மறுபடி அடுப்பேறிவிட்டது, ஞாயிற்றுக்கிழமைகளில்.

உங்கள் வீட்டு அலமாரியிலும் பெயரில்லாத, முத்திரையில்லாத, கனமான வார்ப்புச் சட்டி ஒன்று இருக்கலாம். அதில் சமைப்பதை நிறுத்துங்கள். ஆனால் குப்பையிலும் போடாதீர்கள், கோயில் வாசலில் யாருக்காவது தானமாகவும் கொடுக்காதீர்கள். அவர்கள் வீட்டிலும் குழந்தை இருக்கும். அடியில் ஒரு ஓட்டை போட்டு, அதன் பிறகு எடைக்குப் போடுங்கள். இன்ஜின் மூடியாகப் பிறந்து நன்றாக இருக்கட்டும்.

நான் அப்படித்தான் செய்தேன். அம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "புள்ளைக்கு ஒண்ணுமில்லதானே?" என்று இரண்டு முறை கேட்டுக்கொண்டார். போனை வைக்கும்போதுதான் கேட்டார்:

"எடைக்கு எவ்வளவு குடுத்தான்?"