ஊமையன் கோட்டையும் வெள்ளித்திரையும்

புதுக்கோட்டையிலிருந்து காரைக்குடி செல்லும் சாலையில் ஏறத்தாழ 20 கிலோமீட்டர் பிரயாணம் செய்தவர்கள், கண்மாய்களும் பொட்டலும் பனைகளுமாக விரிந்து கிடக்கும் சமவெளியின் நடுவே ஒற்றைப் பாறைக்குன்று ஒன்று எழுந்து நிற்பதையும், அதன் இடுப்பைச் சுற்றி மதில்கள் வளைந்து வளைந்து மேலேறுவதையும் கண்டிருப்பார்கள். ஏட்டில் அதற்குத் திருமயம் கோட்டை என்று பெயர். ஊராரைக் கேட்டாலோ ஊமையன் கோட்டை என்பார்கள். 1687ஆம் ஆண்டில் இராமநாதபுரம் சேதுபதி கட்டுவித்த ஒரு கோட்டைக்கு, நூறாண்டுகளுக்கும் பின்னால் வாழ்ந்த பாஞ்சாலங்குறிச்சி ஊமைத்துரையின் பெயர் வந்து ஒட்டிக்கொண்டது. அவர் இங்கே ஒளிந்திருந்தார் என்பார் ஒருவர். இங்கே சிறைவைக்கப்பட்டார் என்பார் மற்றொருவர். கல் யாருடையதாயினும், கோட்டை என்றவுடன் ஜனங்களின் நெஞ்சில் எழுவது கட்டியவன் பெயரன்று, போராடியவன் பெயரே என்பதற்கு இதைவிட வேறு சாட்சியம் வேண்டியதில்லை.

இந்தக் குன்றின் சரித்திரம் கோட்டையோடு தொடங்கவில்லை. அடிவாரத்தில், ஒரே பாறையின் இரு பக்கங்களைப் போல, சிவபெருமானுக்கும் திருமாலுக்குமாகக் குடைவரைகள் அகழப்பெற்று ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் ஆகின்றன. அரவணையில் பள்ளிகொண்ட பெருமாளின் விஸ்தாரமான திருவுருவம் பாறையிலேயே செதுக்கப்பட்டது. திருமங்கையாழ்வார் பாடிய திருமெய்யம் இதுவே. மெய்ம்மலையே வடமொழியில் சத்தியகிரி ஆயிற்று. சேதுபதி செய்ததெல்லாம், முன்னமே புனிதமாயிருந்த அம்மலையை ராணுவ ஸ்தலமாக்கியது. கீழே பெருங்கற்களையும் அவற்றின்மேல் செங்கற்களையும் அடுக்கி, துப்பாக்கி நீட்டுவதற்கான துளைகளைக் கைப்பிடிச் சுவரில் விட்டு, ஒன்றனுள் ஒன்றாக ஏழு மதில் வளையங்களை எழுப்பி, வெளியே அகழியும் தோண்டினார்கள் என்பது வழக்கு. இன்று நான்கு வளையங்களை இனங்காணலாம். மற்றவை இருந்த இடத்தில் வீடுகளும் தெருக்களும் இருக்கின்றன. பதினெட்டாம் நூற்றாண்டின் முற்பகுதியில் கோட்டை சேதுபதிகளின் கையிலிருந்து புதுக்கோட்டைத் தொண்டைமான்களின் கைக்கு மாறியது.

இத்தகைய ஒரு கோட்டை நம் திரைப்படங்களில் எவ்வாறு தோற்றமளிக்கிறது என்று எண்ணிப் பார்க்கையில், 1959ஆம் ஆண்டு மே மாதம் நினைவுக்கு வருகிறது. அந்த ஒரே மாதத்தில், சில நாள் இடைவெளியில், பாளையக்காரர் கதைகள் இரண்டு வெளிவந்தன. ஒன்று, பி. ஆர். பந்துலு இயக்கிய 'வீரபாண்டிய கட்டபொம்மன்'. மற்றொன்று, கவிஞர் கண்ணதாசன் தயாரித்த 'சிவகங்கைச் சீமை'. முன்னதில் வெள்ளையத்தேவனாக நடித்த ஜெமினி கணேசன் புதுக்கோட்டையில் பிறந்தவர். கட்டபொம்மன் 1799ஆம் ஆண்டில் அகப்பட்டதும் புதுக்கோட்டைச் சீமையில்தான். திருக்களம்பூர்க் காட்டுப் பகுதியில் தொண்டைமானின் ஆட்கள் அவரைப் பிடித்துக் கொடுத்தார்கள். அவ்வாண்டு அக்டோபர் 16ஆம் நாள் கயத்தாற்றில் அவர் தூக்கிலிடப்பட்டார். அந்தக் கதையைக் கொட்டகையில் அமர்ந்து பார்த்த எங்கள் சீமையார், பதினோரு ஆண்டுகளுக்கு முன்புவரை தங்களை ஆண்ட அதே தொண்டைமான் வம்சத்தின் பெயர் வரும் கட்டத்தில் எத்தகைய மனச்சங்கடத்தை அடைந்திருப்பார்கள் என்பதை, வெளியூரார் முற்றிலும் உணர்வது கடினம்.

அப்படத்தின் வெளிப்புறக் காட்சிகள் ஜெய்ப்பூரில் எடுக்கப்பட்டன. ராஜபுதனத்துக் கல்லும் புழுதியும் குதிரைகளும் சேர்ந்து வர்ணப்படத்தில் பிரமாதமான கம்பீரத்தைக் கொடுத்தன என்பதில் ஐயமில்லை. ஆயினும் கட்டபொம்மனின் பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டை மண் கோட்டை. குழைத்த மண்ணை ஏற்றி எழுப்பிய சுவரும், அதைச் சூழ்ந்த முள்வேலியுமே அதன் காவல். 1801 பிப்ரவரியில் பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பிய, கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரையும் அவர் தோழர்களும், இடித்துத் தரைமட்டமாக்கப்பட்டிருந்த அக்கோட்டையைச் சில நாட்களுக்குள் மீண்டும் எழுப்பியதும், மார்ச் மாத இறுதியில் ஆங்கிலேயரின் தாக்குதலை அம்மண் சுவர் தாங்கி நின்றதும், மே 24ஆம் நாள்வரை விழாதிருந்ததும், அப்போரில் கலந்துகொண்ட ஜேம்ஸ் வெல்ஷ் என்ற ஆங்கிலத் தளபதியே பின்னாளில் மரியாதையோடு எழுதிவைத்த செய்திகள். பீரங்கிக் குண்டு விழுந்தால் கற்சுவர் பிளந்து சரியும். மண்சுவரோ குண்டைத் தன்னுள் வாங்கிப் புதைத்துக்கொள்ளும். ஆணும் பெண்ணுமாக இரவும் பகலும் மண் சுமந்து எழுப்பிய அந்தச் சுவரில்தான் அப்போராட்டத்தின் முழு உயிரும் இருந்தது. அதைக் கற்கோட்டையின் தோரணையில் காட்டும்போது அரசனுக்குப் பெருமை கூடுகிறது. மண் சுமந்தவர்கள் மறைந்துபோகிறார்கள். இந்த நஷ்டத்தை நான் சிறிதாக எண்ணவில்லை.

திரைப்படத்தார் ஏன் இவ்வாறு செய்தார்கள் என்பதற்குக் காரணம் தேடினால், அது நாடகக் கம்பெனிகளின் படுதாக்களில் இருக்கிறது என்பது என் அபிப்பிராயம். அரண்மனைக்கு ஒரு படுதா, காட்டுக்கு ஒரு படுதா, தெருவுக்கு ஒரு படுதா என்று சுருட்டிக் கட்டிக்கொண்டு ஊர் ஊராகச் சென்ற கம்பெனிகளிலிருந்தே நம் முதல் தலைமுறை நடிகர்கள் வந்தார்கள். புதுக்கோட்டைக்குப் பெருமை தேடித் தந்த பி. யு. சின்னப்பா அப்படி வந்தவரே. 1940இல் மாடர்ன் தியேட்டர்ஸ் எடுத்த 'உத்தம புத்திர'னில் இரட்டை வேடம் பூண்டு, முகமூடி பூட்டப்பட்டுச் சிறையில் வாடும் இளவரசனாக அவர் நடித்தார். 1948இல் ஜெமினி வாசன் 'சந்திரலேகா'வில், பிரம்மாண்டமான முரசுகளின்மேல் பெண்கள் ஆட, அவற்றுக்குள்ளிருந்து வீரர்கள் வெளிப்பட்டுப் பாயும் காட்சியை ஸ்டூடியோவில் அமைத்த முற்றத்திலேயே நிகழ்த்தினார். 1957இல் 'கட்டபொம்மன்' முதலில் ஏறியதும் நாடக மேடையில்தான். படுதாவில் எழுதிய கோட்டைக்கு முகப்பு ஒன்றே உண்டு. பக்கங்கள் கிடையா, முதுகு கிடையாது. காமிரா வந்த பிறகும் நம் கண் அந்த முகப்பையே தேடிற்று: பெரிய வாயில், அதன்மேல் கொடி, அதன்கீழ் கூரிய வசனம் பேசும் வீரன்.

திருமயத்துக்கோ முகப்பே இல்லை. வட்டமான கோட்டைக்கு எந்தப் பக்கமும் முன்பக்கமே. உள்ளே நுழைந்தவன் மதிலை ஒட்டிச் சுற்றி நடந்து, மற்றொரு வளையத்துள் புகுந்து, பிறகு வழுக்கும் பாறையில் ஏறவேண்டும். வழியில் பாறைச் சுனையில் மழைநீர் தேங்கியிருக்கும். மேற்குச் சரிவில், ஏணியில்லாமல் எட்டமுடியாத உயரத்தில், பாறையைக் குடைந்த சிறு அறையில் ஒரு லிங்கம் இருக்கிறது; முற்றுகை நாட்களில் காவலுக்கு நின்றவன் அதைப் பார்த்துக் கும்பிட்டிருப்பான். உச்சிக் கொத்தளத்தில் ஆங்கிலேயர் காலத்துப் பீரங்கி ஒன்று இன்றும் சமவெளியை நோக்கி இருக்கிறது. அங்கு நின்று நாற்புறமும் நோக்கினால், கோட்டையின் தொழில் என்ன என்பது தானாக விளங்கும்: யார் வருகிறார்கள் என்று வெகுதொலைவிலேயே கண்டுகொள்வது, கண்டபின் பொறுத்திருப்பது. அரிசியையும் நீரையும் மருந்தையும் எண்ணியெண்ணிச் செலவிட்டுக்கொண்டு, தூக்கமில்லாமல் பல வாரங்கள் பொறுத்திருப்பதே முற்றுகை. அந்தப் பொறுமையைச் சித்திரித்த தமிழ்ப்படம் ஒன்றை நான் இன்னும் பார்க்கவில்லை.

இம்மாவட்டத்துக் கொடும்பாளூருக்கும் இதே கதிதான். கல்கியின் நாவலால் தமிழ்நாடெங்கும் பிரசித்தமான வானதியின் ஊர் அது. பூதி விக்கிரமகேசரி எடுப்பித்த மூவர் கோயிலின் மூன்று கற்றளிகளில் இரண்டு இப்போதும் நிற்கின்றன. 2022இல் 'பொன்னியின் செல்வன்' திரைக்கு வந்தபோது, கொடும்பாளூர்ப் பெரிய வேளாராக வந்தவர் கட்டபொம்மனாக நடித்த சிவாஜி கணேசனின் மகன் பிரபு. தந்தையின் படத்துக்கு ஜெய்ப்பூர் என்றால், மகன் நடித்த படத்துக்கு மத்தியப் பிரதேசத்து ஓர்ச்சா. சோழர் மறைந்து சில நூற்றாண்டுகளுக்குப் பிறகு புந்தேலர்கள் எடுப்பித்த மாளிகைகள் அவை. சோழர் அரண்மனை ஒன்றும் நமக்கு எஞ்சவில்லை என்பது உண்மையே. அதனால் இயக்குநரைக் குறைகூற எனக்கு மனம் வரவில்லை. ஆனால் எஞ்சியிருப்பதன்மீதும் காமிராவின் கண் போதிய அளவு விழவில்லையே என்ற ஆதங்கம் மட்டும் தீரவில்லை.

இத்தனைக்கும், தமிழ்த் திரைப்படத்தைக் கூத்தாடிகளின் காரியம் என்று படித்தவர்கள் ஒதுக்கிய காலத்தில், அதைத் தேசத்தின் கருவியாக மதித்துத் தென்னிந்திய ஃபிலிம் சேம்பருக்குத் தலைமையும் வகித்த தீரர் சத்தியமூர்த்தி பிறந்தது இதே திருமயத்தில், 1887இல். அடிவாரத்துப் பெருமாளின் பெயரையே தாங்கியவர் அவர். மேடையிலும் நடித்த அவர், சிறுவயதில் இந்த மதில்களைப் பார்த்து வளர்ந்தவர். இக்கோட்டையைத் திரையில் பார்க்கும் பாக்கியம் அவருக்கு வாய்க்கவில்லை.

கோட்டையின் வடமதிலில், சாலையைப் பார்த்தாற்போல் பைரவர் சந்நிதி ஒன்று உண்டு. கோட்டைக்குக் காவலாக வைத்த தெய்வம். இன்றும் அவ்வழியே போகும் லாரிக்காரர்களும் பேருந்து ஓட்டுநர்களும் வண்டியை ஓரமாக நிறுத்தி இறங்கி, ஒரு சிதறுகாய் உடைத்துத் திருநீறு பூசிக்கொண்டு புறப்படுகிறார்கள். மதிலுக்குள் சென்று பார்க்க அவர்களுக்கு நேரமில்லை; காவல் தெய்வத்திடம் சொல்லிக்கொள்ளாமல் கடந்துபோகவும் மனமில்லை.