பந்து வீச்சாளர் நடுவரானார்

நடுவு நிலைமைக்கென்று வள்ளுவர் தனி அதிகாரமே வகுத்தார். அப்பண்பு அரசவைக்கும் அங்காடிக்கும் மட்டுமன்றி, ஆட்டக்களத்திற்கும் உரியதாகும். கிரிக்கெட்டில் அப்பொறுப்பை ஏற்பவரே அம்பயர் என்னும் நடுவர்.

இங்கிலாந்தில், தொழில்முறை ஆட்டக்காரர் பின்னாளில் நடுவராவது நெடுங்கால வழக்கம். ஊஸ்டர்ஷயர் அணியில் ஆடிய பிராங்க் செஸ்டர் முதல் உலகப் போரில் ஒரு கையை இழந்தார். ஆயினும் 1924 முதல் 1955 வரை 48 டெஸ்ட் ஆட்டங்களில் நடுவராக நின்றார். நம் நாட்டிலோ புகழ்பெற்ற டெஸ்ட் வீரர் அப்பணியை நாடுவது அரிதாயிருந்தது. அவ்வரிய செயலைச் செய்தவர் சென்னை தந்த எஸ். வெங்கடராகவன்.

கிண்டிப் பொறியியல் கல்லூரியில் பயின்ற அவர், 1965-இல் நியூஸிலாந்துக்கு எதிராகச் சென்னையில் முதல் டெஸ்ட் ஆடினார். அதே தொடரில் தில்லியில் 12 விக்கெட்டுகளைச் சாய்த்தார். 57 டெஸ்டுகளில் 156 விக்கெட்டுகள் பெற்றார். 1975, 1979 உலகக் கோப்பைப் போட்டிகளில் இந்திய அணிக்குத் தலைமை தாங்கினார். 1974 டிசம்பரில் தில்லி டெஸ்டில் தலைவராயிருந்தவருக்கு, அடுத்த கல்கத்தா டெஸ்டில் பதினொருவருள் இடமில்லை! ஏற்றத்தையும் இறக்கத்தையும் ஒரே திங்களில் கண்டவர் அவர்.

அக்காலத்தில் ஆட்டம் நிகழும் நாட்டைச் சேர்ந்தவரே நடுவராவர். ஆகவே ஐயமும் பூசலும் எழுந்தன. 1986-இல் லாகூரில் பாகிஸ்தானும் மேற்கிந்தியத் தீவுகளும் மோதியபோது, வி. கே. ராமசாமி, மும்பையின் பிலூ ரிப்போர்ட்டர் ஆகிய இரு இந்தியர் நடுவராயினர். எந்தத் தரப்பையும் சாராதவர் தீர்ப்புக் கூறும் முறை இவ்வாறு வேரூன்றத் தொடங்கிற்று. அதே ரிப்போர்ட்டருடன்தான் 1993 ஜனவரியில், கல்கத்தாவில், வெங்கடராகவன் முதன்முறையாக டெஸ்ட் நடுவரானார்.

இம்மாற்றம் எளிதன்று. பல்லாண்டுகள் நடுவரை நோக்கி முறையிட்டவர், இனிப் பிறர் முறையீட்டைக் கேட்டுத் தீர்ப்பளிக்க வேண்டும். பந்து எங்கே விழுந்தது, எவ்வளவு திரும்பிற்று, கால் குறுக்கிடாவிடில் ஸ்டம்பைத் தாக்கியிருக்குமா என்பதைக் கணப்பொழுதில் முடிவு செய்ய வேண்டும். பந்தைத் திருப்பக் கற்ற விரல்களின் அறிவு அங்கே அவருக்குத் துணை நின்றது. ஆயினும் அறிவு மட்டும் போதாது. ஆரவாரத்திற்கு அசையாத உள்ளமும் வேண்டும்.

1999 உலகக் கோப்பை அரையிறுதியில் ஆஸ்திரேலியாவும் தென்னாப்பிரிக்காவும் 213 ஓட்டங்களில் சமன் செய்தபோது, களத்தில் நின்ற இருவருள் ஒருவர் அவரே. 2002-இல் உலகக் கிரிக்கெட் மன்றம் எண்மர் கொண்ட உயர்நிலை நடுவர் குழுவை அமைத்தது. அதில் இடம்பெற்ற ஒரே இந்தியர் வெங்கடராகவன். 2003-இல் பத்மஸ்ரீ விருது பெற்றார். 2004-இல் விலகியபோது, அவர் நடுவராக நின்ற டெஸ்டுகள் 73. ஆடியவற்றைக் காட்டிலும் 16 மிகுதி! 2015-இல் அவ்வுயர் குழுவை அடைந்த அடுத்த இந்தியர் எஸ். ரவி.

டிராம்பேயிலும் செம்பூரிலும் மாதுங்காவிலும் வாழும் தமிழர்க்கு இவ்வரலாறு நெருக்கமானது. பிறந்த ஊரின் பெயர் ஓரளவே துணை செய்யும்; அயலாரின் நம்பிக்கையை நாள்தோறும் நேர்மையால் ஈட்ட வேண்டும். வெங்கடராகவன் இரு தரப்பும் ஏற்கும் மனிதராய் உயர்ந்தது அவ்வழியிலேதான்.