ஒரு சம்பள ஏற்றத்தின் கதை: கோடீஸ்வரன் வழக்கும் நாமும்

கொட்டியாரக் குடாவைத் தாண்டித் திருகோணமலைக்குக் கடமைக்குப் போகிற எங்கட மூதூர் உத்தியோகத்தர்களின் பேச்சைக் காது கொடுத்துக் கேட்டால், சுத்திச் சுத்தி அது ஒரே இடத்துக்குத்தான் வரும். "தடைதாண்டல் பரீட்சையும் பாஸ், சேவை மூப்பும் இருக்கு. ஆனா பதவி உயர்வு மட்டும் வரல்ல. எல்லாம் மேலே ஆள் உள்ளவங்களுக்குத்தான்."

இந்த முறைப்பாட்டைக் கேட்க யார் இருக்கிறார்? இந்தக் கேள்விக்கு நம் நாட்டில் ஒரு வரலாறு உண்டு. அதன் நடுவே நிற்பவர் ஒரு சாதாரண கிளாக்கர், செல்லையா கோடீஸ்வரன்.

1952இல் அவர் அரசாங்க எழுதுவினைஞர் சேவையில் சேர்ந்தார். அப்போது அலுவலக மொழி ஆங்கிலம். 1956ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சட்டம் சிங்களத்தை மட்டும் அரச கரும மொழியாக்கியது. 1961 டிசம்பரில் திறைசேரி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. ஏற்கெனவே சேவையில் இருப்பவர்களும் சிங்களத் தேர்ச்சிப் பரீட்சைகளில் சித்தியடைய வேண்டும், இல்லாவிட்டால் வருடாந்தச் சம்பள ஏற்றம் நிறுத்தப்படும் என்றது அது. கோடீஸ்வரன் இந்த நிபந்தனையை நிறைவேற்றவில்லை. 1962 ஏப்ரலில் கிடைக்க வேண்டிய ஏற்றம் அவருக்குக் கிடைக்கவில்லை.

பாதிப்பு அவரோடு முடியவில்லை. மூதூர், கிண்ணியா, தோப்பூர் பக்கத்தில் தமிழில் படித்த முஸ்லிம் பிள்ளைக்கும் சேவைக்குள் நுழையும் கதவு அதே மொழியால்தான் ஒடுங்கியது. சுற்றறிக்கை இனத்தின் பெயரையோ மார்க்கத்தின் பெயரையோ சொல்லவில்லை. ஆனால் யாருக்கு அது பாரமானது என்பது எல்லாருக்கும் தெரிந்தே இருந்தது.

கோடீஸ்வரன் சட்டமா அதிபருக்கு எதிராகக் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தார். ஒரு சமூகத்தவர் மீது மட்டும் இயலாமையைச் சுமத்தும் சட்டத்தை, சோல்பரி அரசியலமைப்பின் 29ஆம் பிரிவு தடுத்திருந்தது. அவருடைய வாதம் அதில்தான் தங்கியிருந்தது. 1964இல் நீதிபதி ஓ.எல். டி கிரெட்சர் அந்த வாதத்தை ஏற்று, மொழிச் சட்டம் அந்தப் பிரிவுக்கு முரணானது என்று தீர்ப்பளித்தார். 1967இல் உயர் நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை மாற்றியது. மொழிப் பிரச்சினைக்குள் அது நுழையவே இல்லை. முடியின் ஊழியர் சம்பளம் கேட்டு வழக்காட முடியாது என்றே சொன்னது. அதாவது, சம்பளம் உரிமையல்ல, கருணை!

1969 டிசம்பரில் லண்டன் கோமறைக் கழகம் இதை மறுத்தது. அரச ஊழியர் தன் சம்பளத்துக்காக வழக்காடலாம் என்றது. மொழிச் சட்டம் செல்லுமா என்ற கேள்வியை மீண்டும் இலங்கை நீதிமன்றத்துக்கே அனுப்பியது. அந்தக் கேள்வி விசாரிக்கப்படவே இல்லை. 1972 அரசியலமைப்பு வந்தது, 29ஆம் பிரிவு போனது. அரசாங்க ஊழியர்களின் நியமனமும் பதவி உயர்வும் அமைச்சரவையின் பொறுப்பாகின. "எம்.பி.யைப் பிடி" என்ற பழக்கத்துக்கு வழி இன்னும் அகலமானது.

1978 அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரை, சட்டத்தின் முன் அனைவரும் சமம் என்கிறது. ஒரு பதவிக்கு மொழியறிவைக் கேட்கலாம் என்பதையும் அது ஏற்கிறது. ஆனால் அந்த அறிவு கடமைக்கு நியாயமாகத் தேவைப்பட வேண்டும், அதைப் பெற நியாயமான காலமும் கொடுக்க வேண்டும். கோடீஸ்வரன் வழக்கு இந்த வரிகளுக்குப் பின்னால் நிற்பதாகவே எனக்குத் தோன்றுகிறது. தமிழும் அரச கரும மொழியானது 1987இல். 2001இன் 17ஆம் திருத்தம் அரசாங்க சேவை ஆணைக்குழுவை அரசியலின் பிடியிலிருந்து விலக்க முயன்றது. பின்வந்த திருத்தங்கள் அந்தச் சுதந்திரத்தைக் குறைத்தும் கூட்டியும் வந்திருக்கின்றன.

ஆக, இன்று கதவு இருக்கிறது. ஆணைக்குழுவின் முடிவுக்கு எதிராக நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபைக்குப் போகலாம். அடிப்படை உரிமை மீறல் என்றால் உயர் நீதிமன்றம் போகலாம். ஆனால் அதற்கு ஒரு மாதமே அவகாசம். நம்மவர்கள் பலர் அந்த ஒரு மாதத்தை "அவரைக் கண்டு கதைக்கலாம், இவரைக் கண்டு கதைக்கலாம்" என்று அலைவதிலேயே தொலைத்துவிடுகிறார்கள்.

இன்னொன்றையும் மனம் விட்டுச் சொல்ல வேணும். நமக்கு மறுக்கப்பட்டால் அநீதி என்கிறோம். நம்ம ஆள் சிபாரிசில் முன்னுக்குப் போனால் "நசீபு" என்கிறோம். அமானிதங்களை உரியவரிடம் ஒப்படைப்பதையும் நீதியாகத் தீர்ப்பளிப்பதையும் ஸூரத்துன் நிஸாவின் 58ஆம் வசனம் ஒன்றாகவே வைத்துப் பேசுகிறது. அபூதர் (ரலி) அவர்கள் பொறுப்பொன்றைக் கேட்டபோது, நெருங்கிய தோழர் என்பதற்காக நபி (ஸல்) அவர்கள் அதைக் கொடுத்துவிடவில்லை. அது அமானிதம் என்று விளக்கி மறுத்தார்கள்.

கோடீஸ்வரன் யாரையும் பிடிக்கவில்லை. மறுப்பை மறுப்பாகவே எடுத்துக்கொண்டு, காரணம் கேட்டு வழக்காடினார். அவருடைய முதல் கேள்விக்கு நீதிமன்றம் கடைசிவரை பதில் சொல்லவில்லை. ஆனாலும் அரச ஊழியர் கேள்வி கேட்கலாம் என்பது அவரால் சட்டமானது. அடுத்த முறை பதவி உயர்வு மறுக்கப்பட்டால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். திகதியையும் குறித்து வையுங்கள்.