கியாஸ் லைட்டும் மணவாளக்குறிச்சி மணலும்

பேரன் கைப்பேசியில் ஏதோ மாயாஜாலக் கதை பார்த்துக்கொண்டிருந்தான். அதில் ஒரு ராஜ்யத்தில் இருட்டில் ஒளிவிடும் மண் கிடைக்கிறதாம். அதற்காக நாலு தேசத்து ராஜாக்கள் சண்டை போடுகிறார்கள். "தாத்தா, நிஜத்துல இப்படி ஒரு மண் உண்டா?" என்று கேட்டான். "உண்டுடா, நம்ம தமிழ்நாட்டுலயே இருக்கு" என்றேன். அவன் நம்பவில்லை. அவனுக்குச் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

என் வயதுக்காரர்களுக்கு கியாஸ் லைட் என்றால் விளக்கம் தேவையில்லை. பெட்ரோமாக்ஸ் என்பது பெர்லின் நகரத்துக் கம்பெனி வைத்த பெயர். கல்யாண ஊர்வலம், சாமி புறப்பாடு, நாடகம் எதுவானாலும் அதுதான் வெளிச்சம். அடியில் சீமெண்ணெய்த் தொட்டி, பக்கத்தில் பம்பு. முதலில் ஸ்பிரிட் ஊற்றிக் குழாயைச் சூடாக்குவார்கள். பிறகு காற்றடித்தால் எண்ணெய் ஆவியாகி மேலே ஏறி எரியும். ஆனால் வெளிச்சம் தருவது அந்த எண்ணெயில்லை, நெருப்பில் தொங்கும் மேண்டில்தான்.

அப்பாவுக்குப் புதுச்சேரியில் வேலை என்பதால் நான் பிரெஞ்சில் படித்தவன். மேண்டிலுக்கு பிரெஞ்சில் 'மான்ஷோன்' என்று பெயர். சட்டைக் கை மாதிரியான உறை என்று பொருள். அதை ஆஸ்திரிய நாட்டு ரசாயன அறிஞர் கார்ல் அவுவர் கண்டுபிடித்தார். நூல் துணியைத் தோரியம் என்னும் உலோகத்தின் உப்புக் கரைசலில் ஊறவைத்து எரித்தால், துணி போய்விடும், சாம்பல் மட்டும் அதே உருவத்தில் நிற்கும். அந்தச் சாம்பல் சூட்டில் வெள்ளை வெளேரென்று ஒளிரும். தோரியம் மட்டும் இருந்தால் வெளிச்சம் மங்கல்தான். 99 பங்கு தோரியத்தோடு 1 பங்கு சீரியம் சேர்க்க வேண்டும் என்று 1891-ல் அவர் கண்டுகொண்டார். அந்த ஒரு பங்கில்தான் வித்தை இருக்கிறது.

இந்தத் தோரியம் மோனசைட் என்ற மணலிலிருந்து வருகிறது. அந்த மணல் அப்போது பெரும்பாலும் பிரேசிலிலிருந்து வந்தது. திருவிதாங்கூரிலிருந்து ஜெர்மனிக்குப் போன தேங்காய் நார்க் கயிற்றில் ஒட்டியிருந்த மணலை ஷோம்பெர்க் என்ற ஜெர்மானியர் பார்த்தார். அது மோனசைட் என்று தெரிந்ததும் மணல் வந்த வழியைத் தேடி, 1909-ல் மணவாளக்குறிச்சிக் கடற்கரைக்கே வந்து சேர்ந்தார். கயிற்றில் ஒட்டிய மணல் ஒரு தொழிலையே கொண்டுவந்துவிட்டது. முதல் உலகப்போர் வந்ததும் ஜெர்மானியர் கை ஓய்ந்து, தொழில் ஆங்கிலேயர் வசமானது. ராஜாக்கள் சண்டை என்று பேரன் பார்த்தானே, அதுவும் ஏறக்குறைய நடந்ததுதான்.

சுதந்திரத்துக்குப் பிறகு 1950-ல் இந்திய அருமண் நிறுவனத்தை அரசு தொடங்கியது. 1955-ல் பம்பாய் டிராம்பேயில் தோரியம் ஆலை வந்து, மேண்டிலுக்கான உப்பை அங்கேயே தயாரித்தார்கள். 1956 நவம்பர் 1-ல் கன்னியாகுமரி மாவட்டம் நம்மோடு சேர்ந்ததும் மணவாளக்குறிச்சியும் தமிழ்நாட்டு ஊராயிற்று.

தோரியத்துக்குக் கதிரியக்கம் உண்டு என்று 1898-ல் மேரி கியூரி கண்டறிந்தார். அவர் பெயரை எங்கள் ஆசிரியர் சொல்லும்போது குரலே மாறிவிடும். அவர் பிரித்தெடுத்த ரேடியம் உப்பு இருட்டில் தானாகவே ஒளிரும். மேண்டில் அப்படியில்லை, அதன் ஒளி சூட்டினால் வருவது. இருந்தாலும் கதிரியக்கம் கதிரியக்கம்தான். பல நாடுகளில் இப்போது தோரியத்தை விட்டு யிட்ரியத்துக்கு மாறிவிட்டார்கள். பரணில் பழைய கியாஸ் லைட் வைத்திருப்பவர்கள் அந்தச் சாம்பலை வாயால் ஊத வேண்டாம். ஈரத் துணியால் துடைத்துக் கை கழுவிக்கொள்ளுங்கள்.

இனி என் கதை. 1960 கோடை விடுமுறையில் வன்னியம்பட்டிக்கு ஆச்சி வீட்டுக்கு வந்திருந்தேன். அம்மன் கோயில் பொங்கல், ராத்திரி வள்ளி திருமணம் நாடகம். லைட்டுக்காரத் தாத்தா மேடைக்குப் பின்னால் நாலு லைட்டை வரிசையாக வைத்திருந்தார். "கிட்ட வராதலே, தொட்டா உதிந்துரும்" என்று என்னை விரட்டிவிட்டு எண்ணெய் வாங்கப் போனார். உதிருமா என்று பார்க்க ஆசை. அணைந்திருந்த லைட்டின் கண்ணாடியைத் தூக்கி ஒரு விரல் வைத்தேன். திருநீறு மாதிரி கையில் கொட்டிவிட்டது. பயந்துபோய் ஊதித் தள்ளிவிட்டு ஓடினேன்.

தாத்தாவிடம் மாற்று மேண்டில் இல்லை. நாடகம் மூன்று லைட்டில் நடந்தது. முருகன் பாதி நேரம் இருட்டில் நின்றார். காலையில் ஊர்ப் பெரியவர்கள் ஒரு லைட்டு வாடகையைப் பிடித்துக்கொண்டு மிச்சத்தைக் கொடுத்தார்கள். "நான் தொடலைய்யா" என்று அவர் இரண்டு முறை சொன்னார். யாரும் காதில் வாங்கவில்லை. ஆச்சியின் சேலையைப் பிடித்துக்கொண்டு அங்கேதான் நின்றேன். வாயைத் திறக்கவில்லை. அடுத்த விடுமுறைக்குள் ஊரில் கரண்டு கம்பம் நட்டுவிட்டார்கள். அவரை நான் மறுபடி பார்க்கவேயில்லை.

1984-ல் 'வைதேகி காத்திருந்தாள்' வந்தது. ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆபீஸ் நண்பர்களோடு போனேன். கவுண்டமணி கடையில் செந்தில் மேண்டிலை உடைக்கும் காட்சியில் கொட்டகையே அதிர்ந்தது. நானும் சிரித்தேன். ஆனால் வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அந்தத் தாத்தா நினைப்புதான்.

தோரியம் பாதியாகக் குறைய 1,400 கோடி வருஷம் ஆகுமாம். நான் ஊதித் தள்ளிய அந்தச் சாம்பல் வன்னியம்பட்டி மண்ணில் எங்கோ அப்படியே இருக்கும். மணவாளக்குறிச்சியில் இன்றும் மணல் எடுக்கிறார்கள். எதிர்கால அணு மின்சாரத்துக்குத் தோரியம் கைகொடுக்கும் என்கிறார்கள். கதிர்வீச்சுக்குப் பயந்து, புதிதாகத் தோண்ட வேண்டாம் என்று மீனவ மக்கள் போராடுகிறார்கள். வெளிச்சம் ஒரு பக்கம் என்றால் அதற்கு விலை கொடுப்பவர் இன்னொரு பக்கம். ஊர்வலத்தில் விளக்கைத் தலையில் சுமந்தவர் முகம் நமக்கு என்றைக்குத் தெரிந்தது?

பேரனிடம் கடைசிப் பகுதியையும் சொன்னேன். "அப்பவே சொல்லியிருக்கலாம்ல தாத்தா" என்றான். சொல்லியிருக்கலாம்தான்.