கிமோனோ: சாதாரண உடை எப்போது ‘பாரம்பரியம்’ ஆச்சு?

2019 ஜூன் மாசம் கிம் கர்தாஷியன் ஒரு உள்ளாடை பிராண்டை அறிவிச்சாங்க. பேரு ‘கிமோனோ’. தன் பேருல இருக்கிற ‘கிம்’மை வச்சு ஒரு வார்த்தை விளையாட்டு. ஜப்பான்ல கொந்தளிச்சுட்டாங்க. கியோட்டோ நகர மேயரே, இந்தப் பெயரைப் பயன்படுத்துவதை மறுபரிசீலனை செய்யுங்கள் என்று கடிதம் எழுதினார். சில நாட்களிலேயே பெயரை மாற்றுவதாக அறிவிப்பு வந்தது. அதுதான் இன்னைக்கு ‘ஸ்கிம்ஸ்’.

இந்தச் சண்டையில என்னை யோசிக்க வச்சது அந்தச் சொல்லோட அர்த்தம். ‘கி’ என்றால் உடுத்துவது, ‘மோனோ’ என்றால் பொருள். உடுத்தும் பொருள், அவ்வளவுதான். நாம ‘துணிமணி’ன்னு சொல்ற மாதிரி. இவ்வளவு சாதாரணமான சொல், ஒரு மேயர் கடிதம் எழுதுற அளவுக்கு எப்படிப் பெரிய விஷயமாச்சு? இன்னைக்கு அதைத்தான் பார்க்கப் போறோம்.

எட்டாம் நூற்றாண்டில் ஜப்பானிய அரசவை, உடை விஷயத்தில் சீனாவின் டாங் பேரரசைப் பார்த்து நிறைய எடுத்துக்கொண்டது. 719இல் ஓர் உத்தரவு வந்தது: எல்லாரும் இடது பக்கத் துணி மேலே வருகிற மாதிரிதான் உடுத்த வேண்டும். அந்த விதி இன்னைக்கும் இருக்கு. வலது பக்கம் மேலே வந்தால், அது இறந்தவர் உடலுக்கு உடுத்தும் முறை.

அரண்மனைப் பெண்கள் அடுக்கடுக்காக அங்கி போட்ட காலத்தில், உள்ளே இருந்தது ‘கொசொதே’ என்ற சின்ன கை வாய் வைத்த அங்கி. சாதாரண மக்களுக்கு அதுவேதான் வெளி உடை. காலப்போக்கில் மேல்தட்டிலும் அடுக்குகள் குறைந்து, அந்த உள்ளாடையே வெளியே வந்தது. இன்றைய கிமோனோவின் நேரடி மூதாதை அதுதான். கர்தாஷியன் விவகாரத்தை நினைச்சா இதுல ஒரு வேடிக்கை இருக்குல்ல?

அதைத் தைக்கிற விதம் எனக்கு ரொம்பப் பிடிச்ச பகுதி. சுமார் 36 சென்டிமீட்டர் அகலம், 12 மீட்டர் நீளத்துக்கு ஒரே சுருள் துணி. அதை நேர்க்கோட்டில் மட்டும் வெட்டுவார்கள். வளைவே கிடையாது. உடம்புக்கு இரண்டு, கைக்கு இரண்டு, முன்பக்கம் இரண்டு, கழுத்துப் பட்டிக்கு இரண்டு என எட்டுத் துண்டுகள். துணி வீணாகாது. நல்ல கிமோனோவைத் துவைக்க வேண்டுமென்றால் தையலைப் பிரித்து, துண்டுகளை மறுபடி நீளத் துணியாக இணைத்து, அலசி, கஞ்சி போட்டு, விறைப்பாக இழுத்துக் காய வைத்து, திரும்பத் தைப்பார்கள். நைந்த பக்கம் உள்ளே போகும். அப்புறம் அது குழந்தையின் உடை, கடைசியில் துடைக்கும் துணி. கண்ணாடிப் பெட்டிக்குள்ள வைக்கவா இதைச் செஞ்சாங்க? உழைச்சுத் தேயறதுக்குத்தான்.

எடோ காலத்தில் வியாபாரிகள் கையில் பணம் புரண்டது. சாமுராய்களை மிஞ்சி உடுத்த ஆரம்பித்தார்கள். அரசு சும்மா இருக்குமா? 1683இல் பெண்கள் உடையில் தங்க வேலைப்பாட்டையும் எம்பிராய்டரியையும் தடுத்தது. மக்கள் என்ன செஞ்சாங்க தெரியுமா? வெளியே மங்கலான பழுப்பு, சாம்பல். உள்ளே அட்டகாசமான லைனிங். அடக்கமாகத் தெரிந்து அசத்தும் இந்த ரசனைக்கு ‘இகி’ என்று பெயர்.

இங்கே சென்னைக்காரங்களுக்கு ஒரு செய்தி. அந்த ரசனைக்காரர்கள் கொண்டாடிய துணிகளில் ஒன்று, நம் சோழமண்டலக் கரையிலிருந்து கப்பலில் போன கோடு போட்ட பருத்தி. ஜப்பானில் அதன் பெயர் ‘சாந்தோமே’. ஆமா, நம்ம சாந்தோம்தான்!

இந்தக் காலம் வரை அது வெறும் உடை. 1872இல் மெய்ஜி அரசு, அரசுச் சடங்குகளுக்கு மேற்கத்திய உடைதான் என்று அறிவித்தது. ஆண்கள் கோட்டுக்கு மாறினார்கள். எதிரே ‘மேற்கத்திய உடை’ என்று ஒன்று வந்து நின்றதும், இதற்கு ‘ஜப்பானிய உடை’ என்ற அடையாளம் ஒட்டிக்கொண்டது. அதைச் சுமக்கும் வேலை பெரும்பாலும் பெண்கள் தலையில் விழுந்தது. ஆனால் 1887இல் பேரரசியே பெண்களை மேற்கத்திய பாணி உடைக்கு மாறச் சொல்லி அறிக்கை விட்டார்!

அதே 1872இல் கியோட்டோவின் நிஷிஜின் நெசவாளர்கள் தவித்துக்கொண்டிருந்தார்கள். தலைநகரம் டோக்கியோவுக்குப் போய்விட்டது, அரண்மனை வாடிக்கையும் கூடவே போய்விட்டது. மூன்று பேரை பிரான்சின் லியோன் நகருக்கு அனுப்பினார்கள். ஜக்கார்டு தறி கியோட்டோவுக்கு வந்தது. மூவரில் ஒருவரான யோஷிதா சூஷிச்சி, 1874இல் திரும்பும் வழியில் ஜப்பான் கரையோரம் கப்பல் மூழ்கி இறந்துபோனார். இன்னைக்குப் ‘பழமை மாறாத’ன்னு நாம ரசிக்கிற நிஷிஜின் பட்டுக்குப் பின்னாடி, ஒரு பிரெஞ்சு தறியும் ஓர் உயிரும் இருக்கு.

அடுத்த அடி போர். 1940 ஜூலை 7 முதல் ஆடம்பரப் பொருட்களைத் தயாரிக்கவும் விற்கவும் கட்டுப்பாடு. பெண்கள் ‘மொன்பெ’ என்ற தொளதொள கால்சட்டைக்கு மாறினார்கள். போர் முடிந்ததும் பசி. நகரத்துக் குடும்பங்கள் பெட்டியில் இருந்த கிமோனோக்களை ஒவ்வொன்றாக கிராமத்துக்கு எடுத்துப்போய் அரிசிக்கு மாற்றின. மூங்கில் குருத்தை உரிக்கிற மாதிரி உரிந்துபோகும் வாழ்க்கை என்பதால் ‘தக்கெனொகோ வாழ்க்கை’ என்றார்கள்.

அதன்பிறகு அன்றாட உடையாக அது திரும்பி வரவில்லை. அம்மாவுக்கே கட்டத் தெரியாதபோது மகளுக்கு யார் சொல்லித் தருவது? 1960களில் கிமோனோ உடுத்தக் கற்றுத்தரும் பள்ளிகள் பெருகின. பள்ளி வந்தா பாடத்திட்டம் வரும், விதி வரும், ‘இது தப்பு’ன்னு சொல்ல ஆள் வரும். தெருவில் முன்பின் தெரியாத பெண்ணை நிறுத்தி, கட்டியது சரியில்லை என்று திருத்துபவர்களுக்கு ஜப்பானில் ‘கிமோனோ போலீஸ்’ என்றே பட்டப்பெயர் உண்டு. நமக்கும் தெரிஞ்ச ஆட்கள்தானே!

என் கருத்து இதுதான். கல்யாணத்துக்கும் இருபது வயது விழாவுக்கும் மட்டும், அதுவும் வாடகைக்கு எடுத்து உடுத்தும் உடையால் நெசவாளரோட அடுப்பு எரியாது. பழைய துணிக் கடையில் மலிவாக ஒரு கிமோனோ வாங்கி, பூட்ஸோடு போட்டுக்கொண்டு சுற்றும் பொண்ணுதான் அதைத் திரும்பவும் ‘உடுத்தும் பொருள்’ ஆக்குகிறாள். சொல்லப்போனால், மெய்ஜி காலத்து மாணவிகளே கிமோனோ மேல் ‘ஹகாமா’ கட்டி, காலில் பூட்ஸ் போட்டுத்தான் வகுப்புக்குப் போனார்கள். போலீஸ்கிட்ட மாட்டினா, அவ இதையே பதிலா சொல்லலாம்.

அடுத்த எபிசோடுல சந்திப்போம்.